ஐஸ் நடனத்திலிருந்து சமகாலக் கலைக்கு: அஸ்தம்பட்டியிலிருந்து வந்த கேள்விக்கு ஒரு பதில்

சேலம் அஸ்தம்பட்டியிலிருந்து ஒரு தாய் கேட்டிருக்கிறார். ஐஸ் நடனத்தில் சர்வதேசப் போட்டிகள் வரை சென்ற ஒரு வீராங்கனை, போட்டியிலிருந்து விலகிய பிறகு சமகாலக் கலைஞராகிக் கண்காட்சிகள் வைக்கிறார் என்று எங்கோ படித்தாராம். விளையாட்டு அரங்கில் வளர்ந்தவர் கலைக்கூடத்துக்குள் எப்படிப் போனார், இரண்டுக்கும் என்ன தொடர்பு என்பது அவர் கேள்வி. ஆனால் விஷயம் கடைசி வரியில் இருக்கிறது. பத்தாம் வகுப்பு படிக்கும் அவர் மகள் சிறு வயதிலிருந்து ரோலர் ஸ்கேட்டிங் பழகுகிறாள், நன்றாக வரையவும் செய்கிறாள், "இரண்டில் ஒன்றை விட்டுவிடச் சொல்லலாமா?" என்று கேட்டு முடித்திருக்கிறார். ஓர் உடல் பல ஆண்டுகள் பாடுபட்டுக் கற்றது வேறொரு துறைக்குப் போகும்போது கூட வருமா, வாசலிலேயே கழற்றி வைத்துவிட்டுத்தான் போக வேண்டுமா என்பதே அவர் உண்மையில் கேட்பது என்று எடுத்துக்கொண்டு பதில் எழுதுகிறேன்.

நான் எங்கிருந்து பேசுகிறேன் என்பதை முதலில் சொல்லிவிட வேண்டும். இளமையில் ரோலர் ஸ்கேட்டிங்கின் கலைப்பிரிவில், அதாவது வேகப் பந்தயமாக இல்லாமல் இசைக்கேற்ப ஆடும் பிரிவில், மாநிலப் போட்டிகள் வரை ஆடியவன். பிறகு கும்பகோணம் அரசு கவின்கலைக் கல்லூரியில் ஓவியம் படித்தேன். இப்போது ஏற்காட்டில் பள்ளிப் பிள்ளைகளுக்கு ஓவியம் சொல்லிக்கொடுக்கிறேன். ஐஸ் தளத்தில் ஏறி நின்றிருக்கிறேன் என்றாலும் என் கால்கள் அறிந்தது சக்கரத்தைத்தான். ஆகவே சக்கரம், தாள், மை பற்றி நான் எழுதுவதை அனுபவமாகவும், ஐஸ் நடனம் பற்றி எழுதுவதை நெடுங்காலம் கூர்ந்து பார்த்த ஒருவனின் கணிப்பாகவும் கொள்ளுங்கள். நீங்கள் படித்த வீராங்கனையின் பெயரைக் குறிப்பிடாததால், அவரைப் பற்றித் தனியே எதுவும் சொல்லாமல், அந்த வழியில் ஏற்கெனவே போன சிலரை வைத்துப் பேசுகிறேன்.

ஐஸ் நடனம் ஃபிகர் ஸ்கேட்டிங்கின் ஒரு பிரிவு. 60 மீட்டர் நீளமும் 30 மீட்டர் அகலமும் உள்ள தளத்தில் ஓர் ஆணும் பெண்ணும் ஜோடியாக ஆடுவது. தொலைக்காட்சியில் பார்ப்பவர்கள் இதை ஜோடிப் பிரிவு என்ற வேறொன்றோடு குழப்பிக்கொள்வது வழக்கம். ஜோடிப் பிரிவில் பெண்ணைத் தலைக்கு மேல் தூக்குவார்கள், தூர வீசுவார்கள், இருவரும் இரண்டு மூன்று சுற்றுச் சுழன்று குதிப்பார்கள். ஐஸ் நடனத்தில் வீசுதல் கிடையாது. கைகளை நீட்டித் தலைக்கு மேல் தூக்கிப் பிடிக்கக் கூடாது. சிறிய தூக்கல் ஒன்று 7 வினாடிக்குள் முடிந்துவிட வேண்டும். இருவரும் கைக்கெட்டும் தொலைவை விட்டு அதிகம் விலகவும் கூடாது. உலக சாம்பியன்ஷிப்பில் இது 1952இல் சேர்ந்தது, ஒலிம்பிக்கில் 1976இல் இன்ஸ்பர்க்கில் சேர்ந்தது. அங்கே முதல் தங்கம் சோவியத் ஒன்றியத்தின் லுட்மிலா பாகோமோவா, அலெக்சாண்டர் கோர்ஷ்கோவ் ஜோடிக்குக் கிடைத்தது. ஜோடி என்றால் ஆணும் பெண்ணும்தான் என்ற விதியைக் கனடா தன் உள்நாட்டுப் போட்டிகளில் 2022இல் தளர்த்தி, எந்த இருவரும் சேர்ந்து ஆடலாம் என்று ஆக்கியது. சர்வதேச விதி அதோடு மாறிவிடவில்லை.

கண்ணைப் பறிக்கும் குதிகளை எல்லாம் எடுத்துவிட்டால் மிஞ்சுவது பிளேடின் விளிம்புதான், ஐஸ் நடனத்தின் உயிர் அங்கேதான் இருக்கிறது. பிளேடு கத்தியைப் போல ஒற்றைக் கூர்மை உடையது என்று நம்மில் பலர் நினைக்கிறோம். உண்மையில் அது சுமார் 4 மில்லிமீட்டர் தடிமன் உள்ள பட்டை. அதன் அடிப்பக்கம் நடுவில் குழிந்து, இரு ஓரங்களிலும் இரண்டு விளிம்புகளாக நிற்கும். உடலை உட்பக்கம் சாய்த்தால் உள்விளிம்பு, வெளிப்பக்கம் சாய்த்தால் வெளிவிளிம்பு. ஒரு விளிம்பில் சாய்ந்து போகிறவர் ஐஸின் மேல் ஒற்றைக் கோட்டை வளைவாக விட்டுச் செல்வார்; சாய்வு தவறி நிமிர்ந்துவிட்டால் இரு விளிம்பும் பதிந்து இரட்டைக் கோடு விழும். நம் பக்கத்துத் தெருக்கூத்தில் கிறிக்கி அடிப்பவர் சுழன்றுகொண்டே களரியை வலம் வருகிறாரே, ஏறக்குறைய அதே வேலையை ஒற்றைக் காலில், துணை ஆடுபவரின் கணக்கும் தன் கணக்கும் பிசகாமல் செய்வதுதான் ட்விசில் என்ற அசைவு. போட்டிகளில் பெரிய ஜோடிகள் கூடத் தடுமாறுவது பெரும்பாலும் அங்கேதான்.

இந்தக் கோடு சமாசாரத்தைக் கொஞ்சம் விரித்துச் சொல்ல வேண்டும், ஏனென்றால் கலைக்குப் போகும் பாலம் இதில்தான் இருக்கிறது. ஃபிகர் ஸ்கேட்டிங் என்ற பெயரிலுள்ள ஃபிகர், ஐஸில் காலால் வரையும் எட்டு வடிவம் முதலான உருவங்களைக் குறித்தது. தனிநபர் பிரிவில் போட்டியாளர்கள் சுத்தமான ஐஸில் அந்த உருவத்தை வரைந்து, அதன் மேலேயே மறுபடி மறுபடி போவார்கள். நடுவர்கள் குனிந்து, சில சமயம் மண்டியிட்டு, கோடு கோட்டின் மேல் விழுந்திருக்கிறதா, இரட்டைக் கோடு எங்காவது இருக்கிறதா என்று பார்த்து மதிப்பெண் போடுவார்கள். 1972 சப்போரோ ஒலிம்பிக்கில் ஆஸ்திரியாவின் டிரிக்ஸி ஷூபா இசைக்கு ஆடும் பகுதியில் ஏழாவதாக வந்தும் தங்கம் வென்றார், காரணம் அவருடைய கோடுகள். தொலைக்காட்சி பார்ப்பவர்களுக்கு இது புரியவும் இல்லை, பிடிக்கவும் இல்லை. அந்தப் பகுதியின் எடையைப் படிப்படியாகக் குறைத்து, 1990 உலக சாம்பியன்ஷிப்போடு சர்வதேசப் போட்டிகளிலிருந்தே எடுத்துவிட்டார்கள். ஐஸ் நடனத்திலும் எல்லோரும் ஒரே வடிவத்தை ஆடிக் காட்டும் கட்டாய நடனங்கள் 2010க்குப் பிறகு தனிச்சுற்றாக இல்லாமல் போயின. வரைதல் என்று நேரடியாகச் சொல்லத்தக்க ஒரு செயல் இந்த விளையாட்டின் அடிமண்ணில் இருந்திருக்கிறது. அதை விளையாட்டு வெளியே தள்ளியது. பின்னாளில் ஒரு ஸ்கேட்டர் தாளையும் மையையும் எடுத்துக்கொண்டு உட்காரும்போது, விளையாட்டு தள்ளிவிட்டதைத்தான் அவர் பொறுக்கி எடுக்கிறார் என்பது என் எண்ணம். இது என் வாசிப்புதான். எல்லா ஸ்கேட்டர்களும் அப்படி நினைப்பதாகச் சொல்ல மாட்டேன்.

அடுத்தது விதியோடு வாழும் பழக்கம். 1984 பிப்ரவரியில் சரயேவோ ஒலிம்பிக்கில் பிரிட்டனின் ஜேன் டார்வில், கிறிஸ்டோபர் டீன் இருவரும் ராவெல்லின் பொலேரோ இசைக்கு ஆடியது இன்றும் பேசப்படுகிறது. ஒன்பது நடுவர்களும் கலை வெளிப்பாட்டுக்கு முழு மதிப்பெண்ணான 6.0 கொடுத்தார்கள். அதைவிட எனக்குப் பிடித்தது அதன் தொடக்கம். அன்றைய விதிப்படி ஆட்டம் 4 நிமிடம் 10 வினாடியைத் தாண்டக் கூடாது. இசையை எவ்வளவு சுருக்கியும் 4 நிமிடம் 28 வினாடிக்குக் கீழே வரவில்லை. பிளேடு ஐஸில் பட்டு நகரத் தொடங்கியதிலிருந்துதான் கடிகாரம் ஓடும் என்பதைக் கண்டுகொண்ட இருவரும், மண்டியிட்டு உடலை மட்டும் அசைத்தபடி முதல் 18 வினாடிகளைக் கடத்தினார்கள். அந்த மண்டியிட்ட தொடக்கம்தான் இன்று எல்லார் நினைவிலும் நிற்கும் காட்சி. சொல்லப்போனால் டீன் அதற்குச் சில ஆண்டுகள் முன்புவரை நாட்டிங்ஹாமில் போலீஸ்காரர், டார்வில் காப்பீட்டு அலுவலகத்தில் எழுத்தர்.

அதே டீன் பிறகு நடன அமைப்பாளராகி, பிரான்சுக்காக ஆடிய இசபெல், பால் துஷேனே என்ற தங்கை அண்ணன் ஜோடிக்கு, காட்டையும் வேட்டையையும் நினைவூட்டும் தாள வாத்தியங்களோடு ஓர் ஆட்டம் அமைத்தார். 1988 கால்கரி ஒலிம்பிக்கில் அது எட்டாம் இடம்தான் பெற்றது. நடுவர்களின் மதிப்பெண்கள் ஆளுக்கு ஆள் வெகுவாக மாறுபட்டன, கூட்டமோ ஆரவாரித்தது. 1991இல் அதே ஜோடி உலக சாம்பியன் ஆனது. புதுமை தண்டிக்கப்பட்டுப் பிறகு ஏற்கப்படுவது கலையுலகில் அன்றாடம். விளையாட்டில் அது நான்காண்டுக்கு ஒருமுறை வரும் வாய்ப்பையே தின்றுவிடக்கூடியது.

2002 சால்ட் லேக் சிட்டி ஒலிம்பிக்கின் நடுவர் முறைகேட்டுக்குப் பிறகு 6.0 முறையே போய், 2004இலிருந்து புதிய மதிப்பெண் முறை வந்தது. ஒவ்வோர் அசைவுக்கும் அடிப்படை மதிப்பு உண்டு. அதைச் செய்த நேர்த்திக்கு, 2018இலிருந்து, கழித்தல் 5 முதல் கூட்டல் 5 வரை தருகிறார்கள். ஆட்டத்தின் அமைப்பு, வெளிப்பாடு, சறுக்கும் திறன் ஆகியவற்றுக்குப் பத்துக்கு இத்தனை என்று 0.25 இடைவெளியில் போடுகிறார்கள். இதில் நியாயம் கூடியது என்றே நினைக்கிறேன். ஆனால் பதின்பருவம் முழுவதும் தன் கையசைவுக்கு எத்தனை புள்ளி என்று எண்ணிப் பழகிய ஒருவர் கலைக்கூடத்துக்குள் போகும்போது அவரைத் திணறடிப்பதும் இதுவே. அங்கே எண்ணிக்கை சொல்ல யாரும் இல்லை. நல்ல படம் என்று சொல்கிறவர் ஏன் நல்லது என்று காரணம் சொல்ல வேண்டியதில்லை. விமர்சகர் ஒருவரும் வராமலே ஒரு கண்காட்சி முடிந்துபோகலாம். உடல் கற்றதைவிட, மதிப்பெண்ணுக்காகக் காத்திருக்கும் மனத்தை மறக்க வைப்பதுதான் கடினம் என்று, விளையாட்டிலிருந்து ஓவியத்துக்கு வந்த என் மாணவர்களிடம் பார்த்திருக்கிறேன்.

இப்போது அந்த வழியில் போனவர்கள். கனடாவின் டோலர் கிரான்ஸ்டன் ஐஸ் நடனக்காரர் அல்ல, ஆண்கள் தனிநபர் பிரிவில் 1976 ஒலிம்பிக் வெண்கலம் வென்றவர். மான்ட்ரியலில் ஓவியக் கல்லூரியில் படித்தவர். போட்டிகளில் ஆடிக்கொண்டிருந்த காலத்திலேயே படங்களை வரைந்து விற்றவர். பின்னாளில் மெக்சிகோவின் சான் மிகேல் தே அயெந்தேயில் குடியேறி, 2015இல் இறக்கும்வரை வரைந்துகொண்டே இருந்தார். ஐஸில் கோடு வரையும் கட்டாயப் பகுதியில் அவர் பலவீனமானவர், அதனாலேயே உலகப் பட்டம் அவருக்கு எட்டவில்லை என்பது ஒரு வேடிக்கை. அதே ஒலிம்பிக்கில் தங்கம் வென்ற பிரிட்டனின் ஜான் கரி வேறு வகை. சிறுவனாக இருந்தபோது பாலே என்ற மேற்கத்திய நடனத்தைக் கற்க ஆசைப்பட்டார், தந்தை மறுத்துவிட்டார்; ஸ்கேட்டிங் விளையாட்டுத்தானே என்று அதற்கு மட்டும் அனுமதித்தார். அந்த மறுக்கப்பட்ட பாலேயை அவர் ஐஸுக்கே கொண்டுவந்தார். தங்கம் வென்ற கையோடு போட்டியை விட்டு, சொந்தமாக ஐஸ் நாடகக் குழு தொடங்கினார். நவீன நடனக் கலைஞர் ட்வைலா தார்ப் அவருக்காக ஓர் ஆட்டம் அமைத்தார். 1984இல் அவர் குழு நியூயார்க்கின் மெட்ரோபாலிட்டன் ஆபரா ஹவுசில் ஆடியது. பெற்றோர் ஒரு கதவை மூடினால் பிள்ளை அடுத்த கதவு வழியே அதே அறைக்குப் போய்ச் சேரக்கூடும் என்பதால் இதைக் குறிப்பிடுகிறேன், வேறு உள்நோக்கம் இல்லை.

இன்றைய ஆட்களில் அமெரிக்காவின் ஜோர்டன் கோவன் உண்மையிலேயே ஐஸ் நடனப் போட்டியாளராக இருந்தவர். இப்போது கேமராவைக் கையில் ஏந்தி, ஆடுபவர்களோடு தானும் சறுக்கிக்கொண்டே படம்பிடிக்கிறார். அவர் படங்களில் பார்வையாளர் இருக்கையில் இருப்பதில்லை. ஜோடியில் மூன்றாவது ஆளாக, அவர்கள் சாயும்போது கூடவே சாய்கிறார். துணையின் எடை எந்தக் கணத்தில் எந்தப் பக்கம் மாறும் என்பதை முன்கூட்டியே உணர்ந்த உடல் இல்லாமல் இப்படி ஒரு ஒளிப்பதிவைச் செய்ய முடியாது. மான்ட்ரியலில் 2005இல் தொடங்கிய லெ பாட்டான் லீப்ர் என்ற குழுவில் இருப்பவர்கள் முன்னாள் ஃபிகர் ஸ்கேட்டர்கள்; பளபளப்பு உடைகளையும் குதி எண்ணிக்கையையும் விட்டுவிட்டு, சறுக்குதல் என்ற ஒன்றை மட்டும் வைத்துக்கொண்டு சமகால நடனமாக ஆடுகிறார்கள். ஆக, ஒரே வழி இல்லை: கிரான்ஸ்டன் இரண்டையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்திருந்தார், கரி ஒன்றை மற்றதாக மாற்றினார், கோவன் கருவியை மாற்றிக்கொண்டு அதே தளத்தில் நின்றார்.

மறுகரையிலிருந்தும் பார்க்க வேண்டும். சமகாலக் கலை உடலின் செயலையே பொருளாக ஏற்றுக்கொண்டு அறுபது ஆண்டுகளுக்கு மேல் ஆகிறது. அதனால்தான் ஒரு ஸ்கேட்டர் அங்கே அந்நியராக நிற்க வேண்டியதில்லை. 1963இல் அமெரிக்க ஓவியர் ராபர்ட் ரோஷென்பர்க் வாஷிங்டனில் ஒரு ரோலர் ஸ்கேட்டிங் தளத்தில், முதுகில் பாராசூட்டை விரித்துக் கட்டிக்கொண்டு, காலில் சக்கரங்களோடு, பாலே காலணி அணிந்த நடனக் கலைஞர் கேரலின் பிரவுனைச் சுற்றி ஆடினார். ஓவியருக்கு நடனம் தெரியாது, அதை மறைக்கவும் இல்லை. 1967இல் இங்கிலாந்தின் ரிச்சர்ட் லாங் ஒரு புல்வெளியில் முன்னும் பின்னும் நடந்து நடந்து புல் படிந்து உண்டான கோட்டைப் புகைப்படம் எடுத்தார். அந்தப் படம்தான் படைப்பு. பள்ளி நாட்களில் அமெரிக்கக் கால்பந்து ஆடிய மேத்யூ பார்னி, எதிர்ப்பைத் தாங்கித்தான் தசை வளர்கிறது என்ற விளையாட்டுப் பயிற்சியின் அடிப்படையை எடுத்துக்கொண்டு, 1987இலிருந்து தன் உடலைக் கட்டி இழுத்தபடியும் சரிவுகளில் ஏறியபடியும் வரையும் தொடர் ஒன்றைச் செய்துவருகிறார். லாங்கின் கோட்டையும் ஷூபாவின் கோட்டையும் பக்கத்தில் வைத்துப் பார்த்தால், ஒன்று அருங்காட்சியகத்தில் இருக்கிறது, மற்றது அடுத்த போட்டிக்கு முன் தண்ணீர் ஊற்றி அழிக்கப்பட்டது. செய்தது ஏறக்குறைய ஒன்றுதான்.

நமக்கு நெருக்கமான உதாரணம் வேண்டுமென்றால் சந்திரலேகாவைச் சொல்வேன். காஞ்சிபுரம் எல்லப்ப பிள்ளையிடம் பரதம் கற்று மேடையில் பெயர் பெற்றவர், 1960களில் வழக்கமான கச்சேரி மேடையிலிருந்து விலகி எழுத்து, சுவரொட்டி, பெண்கள் இயக்கம் என்று நெடுங்காலம் இருந்தார். 1985இல் அங்கிகா என்ற படைப்போடு திரும்பியபோது பரதத்தோடு களரிப்பயற்றும் யோகமும் சேர்ந்திருந்தன. விலகியிருந்த ஆண்டுகள் வீணாயின என்று யாரும் சொல்ல மாட்டார்கள். இங்கே உறுதியாகச் சொல்லக்கூடியது, கற்ற உடல் இலக்கணம் அழியவில்லை என்பது. எத்தனை காலம் விலகியிருக்க வேண்டும், வேறென்ன கற்க வேண்டும் என்பதற்கு அவர் வாழ்க்கையிலிருந்து சூத்திரம் எடுக்க முடியாது.

உறுதியில்லாததையும் சொல்ல வேண்டும். விளையாட்டில் வென்றவர் கலையிலும் வெல்வார் என்பதற்கு ஆதாரம் இல்லை. நம் கண்ணில் படுகிறவர்கள் வென்றவர்கள் மட்டுமே என்பதால் அப்படித் தோன்றுகிறது. ஐஸ் நடனக்காரருக்கு இன்னொரு சிக்கலும் உண்டு. பத்துப் பதினைந்து ஆண்டுகள் ஒருவரின் கையைப் பிடித்தே ஆடியவர், கலைஞராகும்போது தனியாக நிற்கிறார்; முடிவுகளைப் பாதியாகப் பங்கிட ஆள் இல்லை. உடலும் கணக்குக் கேட்கும். 2010இலும் 2018இலும் ஒலிம்பிக் தங்கம் வென்ற கனடாவின் டெஸ்ஸா வெர்ச்சூ, கால் தசைகளில் அழுத்தம் கூடும் நோய்க்கு இரண்டு முறை அறுவை சிகிச்சை செய்துகொண்டு ஆடியவர். இப்படி வலியோடு பழகிய உடலைப் படைப்பாக்கலாம் என்று கலையுலகில் சிலர் சொல்வதை நான் சற்றுச் சந்தேகத்தோடுதான் கேட்பேன். வலி தானாக எதையும் வரைந்து தராது.

உங்கள் மகளுக்கு வருகிறேன். முதலில் அவள் பழகுவது எந்த ஸ்கேட்டிங் என்று பாருங்கள். நம் ஊர்களில் ஸ்கேட்டிங் வகுப்பு என்றால் பெரும்பாலும் வேகப் பந்தயம்தான். சக்கரங்கள் ஒரே வரிசையில் இருக்கும் இன்லைன் ஸ்கேட். அதிலும் உச்சிக்குப் போகலாம்: சென்னையின் ஆனந்த்குமார் வேல்குமார் 2025இல் சீனாவில் நடந்த உலக ஸ்பீட் ஸ்கேட்டிங் சாம்பியன்ஷிப்பில் தங்கம் வென்றார். கலைப்பிரிவு வேறு, அங்கே முன்னும் பின்னும் இரண்டிரண்டாக நான்கு சக்கரங்கள். 2010 குவாங்சூ ஆசிய விளையாட்டில் அனுப் குமார் யாமா அந்தப் பிரிவில் தனிநபர் வெண்கலமும், அவனி பஞ்சாலோடு ஜோடி வெண்கலமும் வென்றார். ஐஸ் நடனத்தின் ஃபோர்ட்டீன்ஸ்டெப், வெஸ்ட்மின்ஸ்டர் வால்ட்ஸ் போன்ற வடிவங்களில் பல சக்கரத்திலும் ஆடப்படுகின்றன. துணை இல்லாமல் ஆடும் தனி நடனப் பிரிவும் உண்டு. ஆகவே ஐஸ் இல்லையே என்ற ஏக்கம் வேண்டாம். இந்தியாவில் ஐஸ் தேடிப் போனால், 1920இலிருந்து குளிர்காலத்தில் மட்டும் உறையும் சிம்லா தளம், 2011 தெற்காசியக் குளிர்கால விளையாட்டுக்காக டேராடூனில் கட்டிய உள்ளரங்கு, குருகிராமில் ஒரு வணிக வளாகத்துத் தளம் என்று வடக்கே போக வேண்டும். பத்தாம் வகுப்புப் பிள்ளையை அதற்காக இடம்பெயர்ப்பதை நான் ஆதரிக்க மாட்டேன்.

வேண்டியதைச் சேலத்திலேயே செய்யலாம். எங்கள் பள்ளித் தாழ்வாரத்தில் நான் செய்யவைப்பதைச் சொல்கிறேன். சிமென்ட் தரையில் வெள்ளைக் கோலமாவை ஒரு முழ அகலத்துக்குத் தூவி, நாலு சக்கர ஸ்கேட் அணிந்த பிள்ளையை அதன் மேல் ஓட்டி, அப்பால் விரித்துள்ள கறுப்புச் சார்ட் தாளுக்குள் ஒற்றைக் காலில் வளைந்து போகச் சொல்வேன். தாளில் இரண்டு இணைகோடுகள் விழும். சாய்ந்த பக்கத்துக் கோடு அழுத்தமாகவும் மறுபக்கத்துக் கோடு மங்கலாகவும் இருக்கும். காலை மாற்றும் இடத்தில் ஒரு சிறு திட்டு இருக்கும். பயந்து நிமிர்ந்த இடத்தில் இரண்டும் ஒரே கனமாகிவிடும். ஆடி மாதத்து மூடுபனியில் தரை ஈரம் கோத்துக்கொண்டால் மாவு சக்கரத்தில் அப்பிக்கொண்டு கோடு கட்டிகட்டியாக வரும், வெயில் நாளில் தூசாகப் பறக்கும். இரண்டுமே பார்க்க நன்றாக இருக்கும். ஒரு பெண் தன் தாளைப் பார்த்துவிட்டு, "சார், இங்கே நான் பயந்தது தெரியுது" என்றாள். ஸ்கேட்டிங் மாஸ்டர் அந்த இடத்தைத் திருத்தச் சொல்வார், அது சரி. ஓவிய ஆசிரியனாக நான் அந்த இடத்தைத்தான் சட்டம் போட்டு மாட்டச் சொல்வேன். இரண்டும் ஒரே பிள்ளைக்குள் ஒரே நாளில் நடக்கலாம். ஒன்று மற்றதைக் கெடுப்பதில்லை.

படிப்பைப் பொறுத்தவரை அவசரம் இல்லை. ஓவியப் பட்டப்படிப்பு பிளஸ் டூ முடித்த பிறகுதான். 1850இல் தொடங்கிய சென்னை அரசு கவின்கலைக் கல்லூரியும் கும்பகோணம் கல்லூரியும் நமக்குக் கைக்கெட்டும் தூரத்தில் உள்ளவை. சேர்க்கையில் வரைதிறனைப் பார்க்கிறார்கள், விளையாட்டுச் சான்றிதழ்களின் தடிமனை அல்ல. கலைக்கூடம் என்றால் என்ன என்று அவள் நேரில் பார்க்க வேண்டும் என்றால், 2012இல் தொடங்கிய கொச்சி முசிரிஸ் பினாலே என்ற சமகாலக் கலைக் கண்காட்சி நடக்கும் சமயம் ஒருமுறை கூட்டிப் போங்கள்; சேலத்திலிருந்து ரயிலில் ஒரு பகலில் போய்விடலாம், உடலையே கருவியாக வைத்து வேலை செய்பவர்களை அங்கே பார்க்க முடியும். பொதுத்தேர்வு ஆண்டில் பயிற்சி நேரத்தைக் குறைக்கலாம், முழுக்க நிறுத்துவதை நான் சொல்ல மாட்டேன்; வளரும் வயதில் சில மாதங்கள் விட்டாலே உயரமும் எடையும் மாறிச் சமநிலையைப் புதிதாகத் தேட வேண்டியிருக்கும். முழங்காலிலோ இடுப்பிலோ வலி நீடித்தால் மட்டும் அது மருத்துவர் தீர்மானிக்க வேண்டியது, நானோ மாஸ்டரோ அல்ல.

அவள் இதுவரை வரைந்தவற்றை ஒருமுறை எடுத்துப் பாருங்கள். மனித உருவங்கள் இருந்தால், அந்த உருவத்தின் எடை எந்தக் காலில் நிற்கிறது என்று படத்தைப் பார்த்துச் சொல்ல முடிகிறதா என்று கவனியுங்கள். இத்தனை ஆண்டுகள் ஒற்றைக் காலில் நின்று பழகிய பிள்ளையின் உடலுக்கு அது தெரியும். கைக்கு இன்னும் தெரியாமல் இருக்கலாம். தெரியவில்லை என்றால், ஸ்கேட்டை மாட்டிக்கொண்டே பீரோ கண்ணாடியின் முன் ஒரு கையால் எதையாவது பிடித்து நின்று, கணுக்காலிலிருந்து இடுப்பு வரை மட்டும் தினமும் ஒரு படம் வரையச் சொல்லுங்கள். முகம் வேண்டாம்.